மஸில்லோடர்ல என்ன குண்டு போடுறீங்க? பட்டுத் தெரிஞ்சுக்கிட்டதை எழுதுங்க

வைகைக்கரையான் (பிட்ஸ்பர்க் பக்கம்)

மக்களே, மஸில்லோடர்னா வெடிமருந்தையும் குண்டையும் துப்பாக்கி வாய் வழியா எறக்கிச் சுடுறது. இங்க பென்சில்வேனியால கிறிஸ்மஸுக்கு மறுநாள், டிசம்பர் 26, மானுக்கு ஃப்ளின்ட்லாக் சீசன் ஆரம்பிக்கும். சக்கிமுக்கிக் கல்லு தட்டி வெடிக்கிற பழைய காலத்து டிசைன் மட்டும்தான், .44 காலிபருக்குக் (அதாவது குழல் வாய் 0.44 இஞ்ச் அகலம்) கொறையக் கூடாது, ஸ்கோப் (குறி பாக்குற தொலைநோக்கி) கெடையாது. ஆபீஸ்ல ஒருத்தர் ஆசை காட்டி இழுத்து விட்டதுல மூணு வருஷத்துக்கு முன்னாடி நானும் ஒரு .50 காலிபர் செகண்ட் ஹேண்ட்ல வாங்குனேன். வாங்குனது ஈஸி, அதுக்கு என்ன குண்டு போடணும்னு கண்டுபிடிக்கத்தான் ஒரு வருஷம் ஆச்சு.

முதல் நாள் ரேஞ்சுக்கு (சுட்டுப் பழகுற இடம்) எடுத்துட்டுப் போனேன். அங்க எழுபது வயசு தாண்டுன பெரியவர் ஒருத்தர் எப்பவும் உக்காந்திருப்பார், குண்டப் பத்தி நான் வாயத் தொறக்கிறதுக்கு முன்னாடியே "உள்ள காலியா இருக்கான்னு பாத்தியா"ன்னு கேட்டார். "பழைய சாமான் சார், எத்தனையோ வருஷமா சுவத்துல மாட்டி வச்சிருந்ததாம்"னேன். அவர் ஒண்ணும் பேசாம கெட்டிக்கிற கம்பிய வாய் வழியா உள்ள விட்டு, வாய்கிட்ட விரல வச்சுப் புடிச்சு, அப்படியே வெளிய எடுத்து பேரலுக்குப் பக்கத்துல வச்சுக் காட்டுனார். கம்பி பத்த வைக்கிற ஓட்டை வரைக்கும் எறங்கணும், ரெண்டு இஞ்ச் முன்னாடியே நின்னுருச்சு. எவனோ எந்தக் காலத்துலயோ கெட்டிச்ச மருந்தும் குண்டும் உள்ளயே கெடக்கு! கருமருந்து காஞ்சிருந்தா எத்தனை வருஷம் ஆனாலும் வெடிக்கும்னார். அத நான் கார் பின்சீட்டுல போட்டு, பையன பக்கத்துல உக்கார வச்சு ஓட்டிட்டு வந்திருக்கேன், இன்னைக்கும் நெனச்சா வயித்தக் கலக்குது. துப்பாக்கி ரிப்பேர் பாக்குற கன்ஸ்மித் கிட்ட குடுத்து எடுத்தோம்.

அடுத்து குண்டு. கடையில இருந்த பையன் "இதான் லேட்டஸ்ட்"னு ஸேபாட் பாக்கெட் குடுத்தான், பிளாஸ்டிக் கப்புக்குள்ள கூர் புல்லட் உக்காந்திருக்குமே அது. 50 கஜத்துல சுட்டா பேப்பர்ல வட்ட ஓட்டையே விழல, சாவி ஓட்டை மாதிரி நீள நீளமா விழுந்திருக்கு, அதாவது புல்லட் குட்டிக்கரணம் போட்டுக்கிட்டே போயிருக்கு. மருந்து பத்தலையோன்னு கூட்டினேன் (முட்டாள்தனம், தெரியும்), இன்னும் மோசமாச்சு. பெரியவர் பேரல்ல எழுதியிருந்ததப் படிக்கச் சொன்னார். 66 இஞ்சுக்கு ஒரு சுத்துன்னு இருந்துச்சு. உள்ள வெட்டியிருக்க மரை அவ்ளோ மெதுவாச் சுத்துனா அது துணி சுத்துன உருண்டைக் குண்டுக்குன்னே செஞ்ச பேரல். நீளமான புல்லட்டுக்கு வேகமான சுத்து வேணும், இன்லைன்னு சொல்ற இந்தக் காலத்து மாடல்ல எல்லாம் 28 இஞ்சுக்கு ஒண்ணுன்னு இருக்கும். 48னு இருந்தா அது ரெண்டுங்கெட்டான், உருண்டையும் ஓடும், கட்டையான கனத்த புல்லட்டும் ஓரளவுக்கு ஓடும். எனக்கு இதுல புரிஞ்சது ஒண்ணுதான், குண்ட நாம பாத்து எடுக்கிறதில்ல, பேரல் கேக்கறத வாங்கிக் குடுக்கறோம்.

இப்ப நான் போடுறது .490 இஞ்ச் உருண்டை, சுத்த ஈயம், ஒண்ணு 177 கிரெய்ன் வரும், பதினொன்றரை கிராம்னு வச்சுக்கங்க. .50 பேரலுக்கு ஏன் .490ன்னா சுத்தியும் துணி போகணும்ல. துணி 0.015 இஞ்ச் கனம், மெத்தை உறைக்குத் தைக்கிற கோடு போட்ட கெட்டிப் பருத்தி. பாலியஸ்டர் கலந்திருந்தா உருகி பேரல்ல ஒட்டும். புதுத் துணின்னா கஞ்சி போக ஒரு தடவ அலசிக் காய வச்சிடுவேன். சுட்டதும் முன்னாடி போயி விழுந்து கெடக்கிற துணியப் பொறுக்கிப் பாக்கச் சொன்னார் பெரியவர், அதுதான் எனக்கு ரொம்பப் புடிச்ச பாடம். நடுவுல வட்டமாக் கரி, ஓரம் பிரிஞ்சு பூ மாதிரி இருந்தா சரி. ஓட்டையாவோ கருகிக் கிழிஞ்சோ இருந்தா துணி மெலிசு, இல்லன்னா எண்ணெய் பத்தல, இல்லன்னா மரை விளிம்பு கூரா இருக்கு.

எண்ணெய்னதும் ஒரு கதை. பெரியவர் துணிய வாயில போட்டு மென்னு எச்சிலோடயே வச்சுக் கெட்டிப்பார், ரேஞ்சுல பல பேர் அப்படித்தான். எனக்கும் ஒண்ணு நீட்டுனார், வாய்கிட்ட கொண்டு போயிட்டேன், அப்புறம் கேட்டா அது மாட்டுக் கொழுப்பு தடவுனதாம். எங்க வீடு சுத்த சைவம். பள்ளிக்கூடத்துல படிச்ச 1857, என்ஃபீல்டு துப்பாக்கி, பல்லால கடிக்கிற தோட்டா எல்லாம் ஒரு செகண்ட்ல கண்ணு முன்னாடி வந்து போச்சு. நான் கலகம் எல்லாம் பண்ணல, தேன்மெழுகும் ஆலிவ் எண்ணெயும் உருக்கி நானே செஞ்சுக்கறேன். பெட்ரோலியம் கிரீஸ் மட்டும் வேணாம், கருமருந்தோட சேந்தா தார் மாதிரி ஆயிரும்.

கோவைக்காரன் (கொலராடோ)

நல்ல பேச்சு ஆரம்பிச்சீங்கண்ணா. எனக்கு நேர் எதிர் கதைங்க. என்னுது 28 சுத்து இன்லைன், ஸேபாட்ல அருமையா அடிக்கும். எல்க் (பெரிய மான் வகை) வேட்டைக்கு டேக், அதாவது பெர்மிட், கெடைச்சுதுங்க, சந்தோஷத்துல ஸேபாட், பெல்லட் மருந்து (மாத்திரை மாதிரி கெட்டியா வர்றது), ஸ்கோப் எல்லாம் மாட்டி ரெடியா வச்சிருந்தேன். கூட வர்றவர் பாத்துட்டு சிரிக்கிறாருங்க, இங்க மஸில்லோடர் சீசன்ல அந்த மூணுமே கூடாதாம். ரூல் புக்க டேக் கெடைக்கறதுக்கு முன்னாடி படிச்சிருக்கோணும், தப்பு என் மேலதான்.

அவசரமா பேரல் சைஸுக்கே வர்ற கனத்த ஈய புல்லட்டுக்கு மாறுனேன், துணியும் இல்ல கப்பும் இல்ல, அப்படியே எறக்கறதுங்க. அதுல ஒரு சங்கதி யாரும் எனக்குச் சொல்லலீங்க. காலையில கெட்டிச்சுட்டு, துப்பாக்கி வாயக் கீழ பாக்க வச்சு தோள்ல மாட்டிக்கிட்டு நாலு மணி நேரம் மலை ஏறுனேன். மேல போயி சும்மா கம்பிய விட்டுப் பாத்தா, குண்டு சரியா உக்காந்தா கம்பி எது வரைக்கும் எறங்கும்னு போட்டு வச்ச அடையாளக் கோடு ஒரு இஞ்ச் மேல நிக்குது. ஆடி ஆடி புல்லட் மருந்த விட்டு நழுவி முன்னாடி வந்திருக்குங்க! மருந்துக்கும் குண்டுக்கும் நடுவுல காலி இடம் இருந்து சுட்டா பேரல் வீங்கும், வெடிச்சாலும் வெடிக்கும். அப்படியே அழுத்தித் திருப்பி உக்கார வச்சேன். அப்பிருந்து மணிக்கு ஒருக்கா கம்பி விட்டுப் பாக்காம இருக்கறதில்லீங்க. எல்க்கா? அது வரவே இல்ல.

ஈயம்_வேணாம் (கலிஃபோர்னியா)

நீங்க எல்லாம் கொடுத்து வச்சவங்க. இங்க 2019 ஜூலை 1ல இருந்து எந்த வேட்டைக்கும் ஈயக் குண்டே கூடாது, மஸில்லோடருக்கும் சேத்துத்தான். அடிபட்ட மான் உடம்புல செதறுன ஈயத் துணுக்க கான்டோர் கழுகு தின்னு சாகுதுன்னு கொண்டு வந்தது, அதுல எனக்கு மாற்றுக் கருத்து இல்ல. ஆனா ஈயத்துக்குப் பதிலாப் போடுற பிஸ்மத் உலோக உருண்டை ஈயம் மாதிரி அமுங்காது, ஈயத்துக்குப் போட்ட அதே துணியோட எறக்கப் பாத்து பாதியில சிக்கி கம்பி ஒடஞ்சு உள்ளங்கைல மூணு தையல். மெல்லிசு துணிக்கு மாறுனதும் சரியாச்சு. மரக் கம்பி வச்சிருக்கவங்க மேல் நுனியப் புடிச்சு ஒரேயடியாத் தள்ளாதீங்க, சாண் சாணாப் புடிச்சுத் தள்ளுங்க.

மறதி_மன்னன்

சின்னக் கதைதான். பக்கத்துல நின்னவர் கூட கிரிக்கெட் பேசிக்கிட்டே மருந்தே போடாம குண்ட எறக்கிட்டேன். கல்லு தட்டுது, பொறி பறக்குது, ஒண்ணும் நடக்கல. மூணு தடவ. ஒரு நிமிஷத்துக்கு மேல வாயத் திருப்பாம அப்படியே டார்கெட்டப் பாத்து நின்னேன், லேட்டா வெடிச்சாலும் வெடிக்கும்னு பயம். கடைசில ஸ்க்ரூ மாட்டுன கம்பியால குண்டத் தோண்டி எடுத்தாங்க. ரேஞ்சே கைதட்டுச்சு.

கொல்லிமலை பேரன் (நாமக்கல்)

அமெரிக்கா கதையெல்லாம் படிச்சேன் அண்ணே. எங்க தாத்தா கிட்ட லைசென்ஸ் போட்ட நாட்டுத் துப்பாக்கி இருந்துச்சு, ஸ்டேஷன்ல எஸ்.பி.எம்.எல்-ன்னு (சிங்கிள் பேரல் மஸில் லோடிங்) எழுதுவாங்க, தோட்டத்துக்கு வர்ற காட்டுப்பன்னிய வெடிச் சத்தம் போட்டு வெரட்டத்தான். எலக்சன் வந்தா கொண்டு போயி ஸ்டேஷன்ல ஒப்படைச்சுட்டு முடிஞ்சதும் வாங்கியாரணும். மரையே இல்லாத வழவழ பேரலு, மருந்து, தேங்கா நாரு, ரவை (சின்னச் சின்னக் குண்டு), மறுபடி நாரு, அவ்ளோதான். மருந்த மூங்கில் குழாயில அளந்துதான் போடுவாரு, ஒரு சிட்டிகை கூடக் கூட்ட மாட்டாரு.

பக்கத்துத் தோட்டத்துக்காரரு ரவை தீந்துபோச்சுன்னு சைக்கிள் பேரிங் குண்டப் போட்டுருக்காரு. போட்டதும் இல்லாம நாரு சரியா எறங்காம பாதியில நின்னுருக்கு, கெட்டியாயிருச்சுன்னு நெனச்சு சுட்டுட்டாரு. சாமி புண்ணியம், ஆளுக்கு ஒண்ணும் ஆகல. பேரலு மட்டும் நடுவுல மூங்கில் கணு மாதிரி வீங்கிப்போயி நின்னுச்சு. தாத்தா அதத் தடவிப் பாத்துட்டு ரொம்ப நேரம் பேசவே இல்ல.

புதுமுகம்

அண்ணா ஒரு டவுட், தப்பா நெனைக்காதீங்க. ரைஃபிள் தோட்டா ரீலோட் பண்ற புகையில்லா மருந்து எங்க மாமா கிட்ட நெறைய இருக்கு, அதுல பாதி அளவு போட்டா ஓகேவா?

வைகைக்கரையான்

தம்பி வேண்டவே வேண்டாம். பாதியும் இல்ல, கால்வாசியும் இல்ல. அதுக்குன்னே செஞ்ச சில மாடல் தவிர வேற எந்த மஸில்லோடர்லயும் அது போனா அழுத்தம் எங்கயோ ஏறும், கையும் கண்ணும் போகும். கருமருந்து, இல்லன்னா பைரோடெக்ஸ், ட்ரிபிள் செவன் மாதிரி அதுக்கு மாத்தா வர்றது, அவ்ளோதான். மாத்து மருந்த தராசுல எடை போடாத, கருமருந்துக்குப் போட்ட அதே அளவுக் குப்பில கொள்ளளவாத்தான் அளக்கணும், எடைக்கு எடை போட்டா அளவு கூடிரும். ட்ரிபிள் செவன் காட்டம் ஜாஸ்தி, கொள்ளளவுலயும் 15 சதவீதம் கொறைக்கச் சொல்லி கம்பெனியே எழுதியிருக்கான். ஃப்ளின்ட்லாக்குக்கு மாத்து மருந்து சரிப்படாது, சீக்கிரம் பத்தாது.

என் அளவு 70 கிரெய்ன், ரெண்டு எஃப் குருணை (எஃப் கூடக் கூட மருந்து பொடியா இருக்கும்), பொறி விழுற கிண்ணத்துல மட்டும் நாலு எஃப் பொடி. இது என் பேரலுக்கு, உன்னுதுக்கு அதோட மேனுவல்ல போட்டிருக்கதுதான் வரம்பு, அதுலயும் கீழ இருந்து ஆரம்பி. டப்பாவுல இருந்து நேரா பேரல்ல கொட்டாத, போன வெடியோட கங்கு உள்ள இருந்தா டப்பாவே கைல வெடிக்கும். அளவுக் குப்பில எடுத்து, டப்பாவ மூடி தூர வச்சுட்டுத்தான் ஊத்தணும்.

கொல்லிமலை பேரா, மூங்கில் கணு... பெரியவர் கிட்ட சொன்னேன், அவரும் அதே மாதிரி ஒரு பேரல் வீட்டுல வச்சிருக்காராம், புதுசா வர்றவங்களுக்குக் காட்டவாம். சனிக்கிழமை எடுத்துட்டு வர்றேன்னு சொல்லியிருக்கார், போட்டோ போடறேன்.