‘பார்க் 8’ என்று சுருக்கியது நியாயமா? டிப்தீரியா தடுப்பூசியில் ஆன்னா வில்லியம்ஸின் பங்கு

கயல்விழி:
டிப்தீரியா என்கிற தொண்டை அடைப்பானுக்கான தடுப்பூசி வரலாறு என்றால் பெரிங், ரூ, ரமோன், பார்க் ஆகிய பெயர்கள் தவறாமல் வரும். அந்தத் தடுப்பூசிக்கு வேண்டிய நச்சை இன்றைக்கும் பெரும்பாலும் எந்தப் பாக்டீரியா வகையிலிருந்து எடுக்கிறார்களோ, அதைப் பிரித்தெடுத்தவர் பெயர் வருவதில்லை. 1894ல் நியூயார்க் நகரச் சுகாதாரத் துறை ஆய்வகத்தில், லேசான டான்சில் டிப்தீரியா இருந்த ஒரு நோயாளியிடமிருந்து அதைப் பிரித்தவர் ஆன்னா வெசல்ஸ் வில்லியம்ஸ். ஆய்வக இயக்குநர் வில்லியம் பார்க் அப்போது விடுமுறையில் இருந்தார். வைத்த பெயர் ‘பார்க்-வில்லியம்ஸ் எண் 8’. நீளமாக இருக்கிறது என்று பலர் ‘பார்க் 8’ ஆக்கிவிட்டார்கள், அது அச்சிலும் ஏறிவிட்டது.

நான் கேட்பது இரண்டு. ஒன்று, ‘வில்லியம்ஸ்’ என்ற பெயரை இனி யாரும் வெட்டக் கூடாது. மற்றொன்று, பிரித்தெடுத்தது யார் என்று எழுதும் இடத்தில் வில்லியம்ஸ் பெயர் மட்டும் நிற்க வேண்டும்.

மாறன்:
முதல் கோரிக்கைக்கு நானும் கையெழுத்துப் போடுகிறேன். இரண்டாவதை ஏற்க முடியாது. அந்த நோயாளியின் தொண்டை மாதிரி வில்லியம்ஸின் மேசைக்கு எப்படி வந்தது? பார்க் 1893ல் அமைத்த ஏற்பாடு வழியாக. மருந்துக் கடைகளில் கிருமி வளர்க்கும் சீரம் தளம் உள்ள குழாயும் பஞ்சுக் குச்சியும் வைத்திருப்பார்கள். மருத்துவர் நோயாளியின் தொண்டையைத் துடைத்து, குழாயில் தடவித் திருப்பிக் கொடுப்பார். இரவு முழுக்க 37 டிகிரியில் வைத்து, மறுநாள் நுண்ணோக்கியில் பார்த்து முடிவு சொல்வார்கள். டிப்தீரியா கிருமி அந்த ஆய்வகத்தில் தினமும் முளைத்தது. 1894 செப்டம்பரில் ரூ புடாபெஸ்ட் மாநாட்டில் குதிரைச் சீரத்தின் பலனை அறிவித்ததும், அப்போது ஐரோப்பாவில் இருந்த நியூயார்க் சுகாதாரத் துறையின் ஹெர்மன் பிக்ஸ் நியூயார்க்கிலும் உடனே தொடங்கச் சொன்னதும், குதிரைகளைத் தயார் செய்ததும் இல்லையென்றால் அந்த வளர்ப்பு ஒரு குழாயோடு முடிந்திருக்கும். கூட்டுப் பெயரை வில்லியம்ஸே மகிழ்ச்சியாக ஏற்றுக்கொண்டார் என்பதையும் மறக்க வேண்டாம்.

குடுவை:
மாறன், கிருமி முளைப்பதையும் நல்ல நச்சு தரும் கிருமியைக் கண்டுபிடிப்பதையும் ஒன்றாக்கிவிட்டீர்கள். தட்டில் பார்த்தால் எல்லாக் கூட்டமும் ஒரே மாதிரிதான். நச்சு எவ்வளவு என்பது கண்ணுக்குத் தெரியாது.

அந்தக் காலத்து முறையைப் பாருங்கள். இறைச்சிச் சாற்றில் பெப்டோன் சேர்த்து, சற்றுக் காரத்தன்மை (அமிலத்துக்கு எதிர்) வரச் செய்து, வாய் அகன்ற குடுவையில் ஆழம் குறைவாக ஊற்ற வேண்டும். காற்றுப் பட வேண்டும், ஏனென்றால் பால் ஆடை மாதிரி மேலே ஏடு படிந்தால்தான் நச்சு நன்றாக வரும். குடுவையை அசைத்து ஏடு மூழ்கிவிட்டால் அந்தக் குடுவை வீண். இறைச்சியில் சர்க்கரை மிச்சமிருந்தால் கிருமி அதைப் புளிக்கவைத்து அமிலமாக்கும், நச்சு கெடும். ஒரு வாரம் கழித்து கார்பாலிக் அமிலம் விட்டுக் கொன்று, இரண்டு நாள் அடியில் தங்கவிட்டு, தெளிந்ததை வடிகட்டி, காற்றுக்கு இடமில்லாமல் பாட்டிலை நிரப்பிக் குளிரில் வைப்பார்கள். பிறகு 250 கிராம் எடையுள்ள கினிப் பன்றிகளுக்கு வெவ்வேறு அளவில் ஊசி. நான்கு நாளுக்குள் கொல்லும் மிகக் குறைந்த அளவு எது என்று பார்ப்பார்கள்.

முடிவு சப்பென்று வந்தால் குற்றம் கிருமியிலா, சாற்றிலா? ஒரே சாற்றில் பல கிருமிகளை ஓட்டிப் பார்க்காமல் சொல்லவே முடியாது. நோய் கடுமையாக இருந்த குழந்தையிடமிருந்து எடுத்தால் நச்சும் கடுமையாக இருக்கும் என்றுதான் யாருக்கும் தோன்றும். இது லேசான நோயாளியிடமிருந்து வந்தது. அதை ஒதுக்காமல் சோதித்ததில்தான் விஷயமே இருக்கிறது.

மாறன்:
நீங்கள் சொல்வது என் வாதத்துக்குத்தான் பலம். நச்சு ஏன் கூடுகிறது என்று 1894ல் எவருக்கும் தெரியாது. இரும்புதான் காரணம் என்று பாப்பன்ஹைமர் காட்டியது 1936ல். லிட்டருக்குச் சுமார் 0.1 மில்லிகிராம் இரும்பு இருக்கும்போது நச்சு உச்சத்துக்குப் போகும். அதைவிடச் சில மடங்கு ஏறினால் கிருமி செழிப்பாக வளரும், நச்சு விழுந்துவிடும். நச்சுக்கான மரபணுவே கிருமியினுடையதல்ல, அதற்குள் புகுந்த ஃபேஜ் என்ற, பாக்டீரியாவைத் தொற்றும் வைரசுடையது. அதற்கு வழிகாட்டிய ஃப்ரீமனின் ஆய்வு 1951ல் வந்தது. ஆக, எண் 8 கிடைத்தது நல்வாய்ப்பு.

கயல்விழி:
நல்வாய்ப்பு என்றே வைத்துக்கொள்வோம். அது வாய்த்தது விடுமுறையில் இருந்தவருக்கா, மேசையில் இருந்தவருக்கா? பென்சிலின் பூஞ்சையும் தற்செயலாக விழுந்ததுதான். அதற்காக ஃப்ளெமிங்கின் துறைத்தலைவர் பெயரை யாரும் முன்னால் சேர்க்கவில்லையே.

அவரே ஏற்றுக்கொண்டார் என்கிறீர்கள். 1894ல் அவர் அங்கே சம்பளமில்லாத தன்னார்வலர். உதவி பாக்டீரியாவியலாளர் பதவி 1895ல்தான் கிடைத்தது. பதவியே இல்லாதவர் இயக்குநரிடம் ‘உங்கள் பெயர் வேண்டாம்’ என்று சொல்லியிருக்க முடியுமா? அவர் மகிழ்ச்சி உண்மையாகவே இருக்கட்டும். பங்கு எவ்வளவு என்பதை அதை வைத்து அளக்க முடியாது.

பரிதி:
நீங்கள் இருவருமே ஒன்றைக் கவனிக்கவில்லை. 1894ல் தயாரித்தது ஆன்டிடாக்சின், அதாவது நச்சை முறிக்கும் எதிர்நச்சு. குதிரைச் சீரம் சிகிச்சை, தடுப்பூசி அல்ல. டாக்சாய்டு, அதாவது கொல்லும் தன்மை நீக்கிய நச்சால் ஆன தடுப்பூசி, 1923ல் ரமோனிடமிருந்து வந்தது, கிளென்னியும் அதே காலத்தில் அதே வழியில் போனவர். வில்லியம்ஸைத் தடுப்பூசி முன்னோடி என்பது மிகை. ஆனால் இன்றைய இணைப்புத் (conjugate) தடுப்பூசிகளில் போகும் சிஆர்எம் 197 என்ற, நச்சுத்தன்மை இழந்த டிப்தீரியா நச்சுப் புரதம் எண் 8லிருந்து வந்திருந்தால் மட்டும் ஒத்துக்கொள்வேன்.

குடுவை:
சிஆர்எம் 197 எண் 8லிருந்து வரவில்லை. சி7 என்ற வேறு வகையில் மாற்றமடைந்த ஃபேஜ் ஏற்றிப் பெற்றது. அதை வில்லியம்ஸ் கணக்கில் எழுதக் கூடாது.

டாக்சாய்டு விஷயம் வேறு. அதே சாறு, அதே நச்சு. ஃபார்மலின் ஏறக்குறைய 0.4 சதவீதம் சேர்த்து, 37 முதல் 40 டிகிரியில் வாரக்கணக்கில் வைத்தால் கொல்லும் தன்மை போய், எதிர்ப்பாற்றலைத் தூண்டும் தன்மை நிற்கும். நச்சு கொஞ்சமாக இருந்தால் என்ன ஆகும்? வேண்டிய அளவு டாக்சாய்டுக்கு அதிகச் சாறு எடுக்க வேண்டும். சாற்றில் இருக்கும் வேண்டாத புரதமும் ஃபார்மலினில் பிணைந்து கூடவே வரும், ஊசி போட்ட இடம் வீங்கும், காய்ச்சல் வரும். உலக சுகாதார அமைப்பு ஒரு மில்லிகிராம் புரத நைட்ரஜனுக்குக் குறைந்தது 1500 எல்எஃப் (டாக்சாய்டு அளவைக் குறிக்கும் அலகு) இருக்க வேண்டும் என்று தூய்மைக்கு வரம்பு வைத்திருக்கிறது. அதிக நச்சு தரும் கிருமி கையில் இருந்தால் அந்த வரம்பை எட்டுவது எளிது. எண் 8ம் அதன் கிளை வகைகளும் இத்தனை காலம் தாக்குப்பிடித்தது இதனால்தான். தடுப்பூசியைக் கண்டுபிடித்தவர் என்று எழுதினால் பொய். தடுப்பூசியின் மூலக் கிருமியைத் தந்தவர் என்று எழுதினால் முழு உண்மை.

பரிதி:
அந்தச் சொற்றொடருக்கு ஆட்சேபம் இல்லை.

மாறன்:
பார்க்கின் கணக்கை அழித்துவிடாதீர்கள். ஷிக் சோதனை என்ற தோல் சோதனையால் யாருக்கு எதிர்ப்பாற்றல் இல்லை என்று பிரித்து, ஜிங்கருடன் சேர்ந்து நியூயார்க் பள்ளிக் குழந்தைகளுக்கு நச்சு-எதிர்நச்சுக் கலவை போட்டது அவருடைய பெரும்பணி. 1896ல் நச்சு உற்பத்தி பற்றி வந்த கட்டுரையிலும் இருவர் பெயரும் இருக்கிறது. நான் எழுதினால், ‘பார்க்கின் ஆய்வகத்தில் வில்லியம்ஸ் பிரித்தெடுத்தது’ என்பேன்.

கயல்விழி:
அந்த வாக்கியத்தில் பிரித்தெடுத்தவர் ஒருவர்தான் இருக்கிறார். நான் கேட்டதும் அதுதான். வாக்கியம் அப்படியே இருக்கட்டும்.

பரிதி:
இதே அளவுகோலை வெறிநாய்க்கடி ஆய்வுக்கும் வைப்பீர்களா? வெறிநோய் தாக்கிய மூளைச் செல்களில் தெரியும் நெக்ரி துகள்களை வில்லியம்ஸும் தனியாகக் கண்டவர்தானே. அதற்கும் பெயர் மாற்றம் கேட்பீர்களா?

கயல்விழி:
கேட்க மாட்டேன். நெக்ரி 1903ல் வெளியிட்டார், வில்லியம்ஸ் தயங்கினார். முதலில் அச்சில் வந்தவர் பெயர் நிற்பதுதான் முறை. அங்கே வில்லியம்ஸுக்கு உரியது சோதனை முறை. முன்பு மூளைத் துண்டைப் பதப்படுத்தி, மெழுகில் பதித்து, சீவி, சாயமேற்ற நாட்கள் ஆகும். அவர் மூளையின் சாம்பல் பகுதியிலிருந்து சிறு துணுக்கை எடுத்துக் கண்ணாடித் தகட்டில் நசுக்கி, மெல்லிய பூச்சாக இழுத்து, உலரவிட்டு நேராகச் சாயமேற்றினார். அரைமணி நேரத்துக்குள் பதில் கிடைத்துவிடும். கடித்த நாயின் மூளை ஆய்வகத்துக்கு வந்த அன்றே, கடிபட்டவருக்கு ஊசி தொடங்குவதா என்று முடிவெடுக்க முடிந்தது. அமெரிக்கப் பொதுச் சுகாதாரச் சங்கம் 1907ல் வெறிநோய் கண்டறிதலுக்கு நிலையான முறை வகுக்கக் குழு அமைத்தபோது, தலைமை அவரிடம்தான் போனது.