டாய் பூடிலுக்கு முடி வெட்டுபவரும் கால்நடை மருத்துவரும் தேவை – கிருஷ்ணகிரி
குழுவினர் அனைவருக்கும் வணக்கம். எங்கள் டாய் பூடில் பெண் குட்டிக்கு 8 மாதம் ஆகிறது. இவ்வகை நாய்களுக்கு முடி அதிகம் உதிராது என்றாலும் நிற்காமல் வளர்வதால், தினமும் அடிவரை சீவாவிட்டால் காதுக்குப் பின்னாலும் அக்குளிலும் சிக்குப் பிடித்துத் தோலை இழுக்கிறது. 4 முதல் 6 வாரத்துக்கு ஒருமுறை வெட்டவும் வேண்டும். இதற்காகப் பெங்களூரு வரை செல்வது இயலாததால், கிருஷ்ணகிரியிலோ ஓசூரிலோ சிறிய நாய்களைப் பொறுமையாகக் கையாளுபவர் இருந்தால் தெரிவிக்க வேண்டுகிறேன். வெயிலுக்கு மொட்டையடித்துவிடச் சொல்கிறார்கள். தோல் வெந்துவிடும் என்பதால் எனக்கு அதில் உடன்பாடில்லை.

மேலும், ஓடும்போது ஒரு பின்னங்காலைச் சட்டென்று தூக்கிக்கொண்டு நொண்டிவிட்டு, பிறகு இயல்பாக நடக்கிறது. முழங்கால் சில்லு விலகுவது இவ்வகையில் அடிக்கடி காணப்படும் கோளாறு என்பதால், அதைப் பரிசோதித்துச் சொல்லக்கூடிய கால்நடை மருத்துவர் தருமபுரியில் இருந்தாலும் சொல்லுங்கள், அழைத்துச் செல்கிறேன்.