மலையாள இயக்குநர் ஜி. அரவிந்தனின் படம் பார்த்தபோது மனதில் நின்ற ஒன்று: நம் தமிழ்நாடு–கேரள எல்லைப் பக்கத்து ஆட்கள் ஊர்ப் பெயரோடு சொல்லுங்கள்

மாட்டுப்பட்டி

அவருடைய ‘சிதம்பரம்’ படத்தின் முழுக்கதைக்குள் போகவில்லை. போன மாதம் அம்மாவோடு போனில் பார்த்தேன். அம்மா போடியிலிருந்து கல்யாணமாகி மலையேறி வந்து, முப்பது வருஷம் தேயிலைக் கொழுந்து எடுத்தவர். படம் ரொம்ப மெதுவு, தூங்கிவிடுவார் என்று நினைத்தேன். ஸ்மிதா பாட்டீல் புதுப்பெண்ணாகப் பண்ணைக்கு வந்து பூக்களுக்கு நடுவே நடக்கிற இடத்தில் என் கையைப் பிடித்தார். “நான் வந்த அன்னிக்குக் கம்பளி கெடையாது. உங்கப்பா கோட்டைக் கழட்டிக் குடுத்தாரு.” இத்தனை வருஷத்தில் இதை ஒருநாளும் சொன்னதில்லை. கடைசியில் கோயில் வாசலில் செருப்பைப் பார்த்துக்கொள்ளும் பெண் நிமிர்ந்து, புருஷனை இழந்த அதே பெண்தான் என்று முகம் தெரிந்ததும் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார். ஏன் என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

கொழிஞ்சாம்பாறை

மெதுவு என்று சொல்லாதீர்கள் சகோதரி, அந்த ஒரு சொல்லைச் சொல்லியே ஆட்களை விரட்டிவிடுகிறோம். 2021-இல் புதுப்பித்து வந்த அரவிந்தனின் ‘கும்மாட்டி’ படத்தை என் ஆறு வயது மகளுக்குப் போட்டேன். மலையாளம் அவளுக்கு அரைகுறை. நாயாக மாறிய பையன் திரும்பப் பையனாகி, வீட்டுக் கூண்டிலிருந்த கிளியைத் திறந்துவிடுகிறான் அல்லவா? மறுநாள் காலையில் பக்கத்து வீட்டுக் கிளிக்கூண்டு திறந்து கிடந்தது. திட்ட வாய் வரவில்லை. கிளிக்குக் காசு கொடுத்தேன்.

இதைப் பார்த்துவிட்டு என் அக்கா மகன் வேலையை விட்டுவிட்டுப் படம் எடுக்கப் போகிறேன் என்கிறான்.

புனலூர் – செங்கோட்டை

அந்தத் தம்பியிடம் வேலையை விடாதே என்று சொல்லுங்கள். அரவிந்தன் ரப்பர் வாரியத்தில் உத்தியோகத்தில் இருந்துகொண்டேதான் படம் எடுத்தார். அப்பா எம். என். கோவிந்தன் நாயர் நகைச்சுவை எழுத்தாளர். எழுத்தும் பாட்டும் புழங்கிய வீடு. அப்படியிருந்தும் அவசரப்படவில்லை. 1961-இல் மாத்ருபூமி வார இதழில் கார்ட்டூன் தொடர் ஆரம்பித்தார், வருஷக்கணக்காக வரைந்தார். முதல் படம் ‘உத்தராயணம்’ 1974-இல்தான். அதுவும் கோழிக்கோட்டு நண்பர்கள் வட்டத்தில் பேசிப் பேசி உருவானது. அப்புறம் பணம். ‘காஞ்சன சீதா’வில் ராமனாக நடித்தவர் ஆந்திரத்துப் பழங்குடி ஆள், சீதை திரையிலேயே வரமாட்டாள், இயற்கைதான் சீதை. அதற்கு யார் பணம் போடுவார்? கொல்லத்து முந்திரி வியாபாரி ரவீந்திரநாதன் நாயர் போட்டார், அடுத்து வந்த நாலு படங்களுக்கும் போட்டார். அப்படி ஒருவர் கிடைக்கும்வரை சம்பளம் வரட்டும். படம் வரையட்டும், பாட்டுக் கற்றுக்கொள்ளட்டும், நாலு நண்பர்களைச் சேர்க்கட்டும்.

என் அனுபவம் சின்னதுதான். சித்தப்பா கொல்லத்தில் அண்டியாபீஸில், அதாவது முந்திரி ஆலையில், இருந்தபோது அரவிந்தனின் ‘தம்பு’ படம் பார்க்கக் கூட்டிப்போனார். சர்க்கஸை வாயைப் பிளந்து பார்க்கிற ஊர்ச் சனங்களின் முகங்கள் ஒவ்வொன்றாக வரும், நிஜமான முகங்கள். திரும்பிப் பார்த்தால் சித்தப்பா முகமும் அதே மாதிரி இருந்தது. அவர் இப்போது இல்லை. அந்த முகம் மட்டும் போகவில்லை.

மாட்டுப்பட்டி

அம்மாவிடம் நேற்றுக் கேட்டுவிட்டேன். புருஷன் செத்த பிறகு மேல் லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு) அக்கா ஒருத்தி மலையிறங்கிப் போனாளாம். எங்கே போனாள் என்று யாரும் தேடவில்லையாம். “செருப்புக்கிட்ட உக்காந்திருந்தவ நிமிந்தப்ப அவளோன்னு நெனச்சுட்டேன்டி” என்றார்.