[கலைச்சொல்] மருத்துவமயமாக்கம்: மாற்றுச் சொல் உண்டா? (அவசரம்)

நா. எழுதியது:

குழுவினருக்கு வணக்கம். மேலை மருத்துவத்தின் சமூக வரலாறு பற்றிய பாடநூல் ஒன்றை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. 'மெடிக்கலைசேஷன்' என்ற சொல் ஓர் அத்தியாயம் முழுக்க வருகிறது. பிரசவம், குடிப்பழக்கம், பிள்ளைகளின் அடங்காத சேட்டை, முதுமை என்று, முன்பு மருத்துவர் தலையிடாதிருந்தவை மருத்துவர் கவனிக்க வேண்டியவையாக மாறுவதைக் குறிப்பது. 1970களில் இர்விங் சோலா, இவான் இல்லிச், பீட்டர் கான்ராட் முதலானோர் எழுதி எழுதிப் பரவிய கருத்து. 'மருத்துவமயமாக்கம்' என்று போட்டிருக்கிறேன். பதிப்பாசிரியருக்கு 'மயம்' பிடிக்கவில்லை, வடசொல்லாம். எதிர்ச்சொல்லும் ஒன்று வேண்டும். உதவுங்கள்.

செ. எழுதியது:

பதிப்பாசிரியர் வாழ்க. உலகமயம், தனியார்மயம், கணினிமயம் என்று எதைப் பார்த்தாலும் மயம். வேறு ஈறே தமிழில் இல்லையா? 'பிணியாக்கம்' என்று வையுங்கள். பிணித்தல் என்றால் கட்டுதல். உடலைக் கட்டிப்போடுவதால் அது பிணி. பிணை, பிணையல், பிணக்கு எல்லாம் இந்த வேரின் கிளைகள். இயல்பான ஒன்றை மருத்துவம் கட்டிப்போடுகிறது என்ற பொருளும் கூடவே வந்துவிடுகிறது. புறநானூறு முருகனுக்குச் சொல்லும் 'பிணிமுக ஊர்தி'யையும் இங்கே எண்ணிப் பார்க்கலாம்.

கு. எழுதியது:

ஐயா, பிணிமுகம் யானையா மயிலா?

செ. எழுதியது:

மயில். அதே பாட்டில் 'மணிமயில் உயரிய' என்று கொடியில் மயில் வந்துவிட்டதால் ஊர்தி யானையாகத்தான் இருக்க வேண்டும் என்பார் உண்டு. கொடியில் இருப்பது ஊர்தியாகவும் இருக்கக்கூடாதா? விரிவாகப் பிறகு எழுதுகிறேன்.

வே. எழுதியது:

மயிலைக் கொஞ்சம் நிறுத்தி வைப்போம். நான் தொழில்முறை மருத்துவன். 'நோயாக்கி' என்று கிருமியைக் குறிக்கும் வழக்கு ஏற்கெனவே உண்டு. 'நோயாக்கம்', 'பிணியாக்கம்' என்றால் நோய் உண்டாகும் விதம் என்றே படிப்பவர் எடுத்துக்கொள்வார். அதைவிடப் பெரிய சிக்கல், மருத்துவத்தின் கைக்குள் போவதெல்லாம் நோயாவதில்லை. பிரசவத்தையே பாருங்கள். 1840களில் வியன்னா பொது மருத்துவமனையில் இரண்டு பேறுகாலப் பிரிவுகள் இருந்தன. ஒன்றில் மருத்துவ மாணவர்கள், மற்றொன்றில் மருத்துவச்சிகள். மாணவர்கள் பிணக்கூறாய்வு முடித்த கையோடு வந்து பிரசவம் பார்த்தார்கள். அந்தப் பிரிவில்தான் பெண்கள் அதிகம் செத்தார்கள். 1847இல் அங்கே பணியாற்றிய செம்மல்வைஸ் என்ற மருத்துவர் குளோரின் கரைசலில் கை கழுவ வைத்ததும் சாவு சட்டென்று இறங்கியது. கருவுற்றவளை அங்கே யாரும் நோயாளி என்று முடிவு கட்டவில்லை. ஆனால் அவள் மருத்துவர் கையில் இருந்தாள். இதற்குப் பிணி என்ற சொல் எப்படிப் பொருந்தும்?

இ. எழுதியது:

வே. ஐயா சொல்வது சரி. நான் சமூகவியல் கற்பிப்பவள். எனக்கு 'மயம்' உறுத்தவில்லை, 'ஆக்கம்' உறுத்துகிறது. ஆகு தன்வினை, ஆக்கு பிறவினை. ஆக்கம் என்றதும் ஆக்கியவர் யார் என்ற கேள்வி வந்துவிடுகிறது. அதற்கு ஒரே பதில் கிடையாது.

1851இல் சாமுவேல் கார்ட்ரைட் என்ற அமெரிக்க மருத்துவர், அடிமைகள் தப்பியோடுவதை ஒரு மனநோய் என்று எழுதி அதற்கு 'டிராப்பெட்டோமேனியா' என்று பெயர் சூட்டினார். ஓடிப்போன அடிமையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லோடு பித்து என்ற சொல்லை ஒட்டியிருக்கிறார். (கலைச்சொல் ஆக்குகிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கலாம்.) இது சந்தேகமில்லாமல் ஆக்கல்.

ஆனால் 1914 வாக்கில், மார்ஃபினும் ஸ்கோபோலமினும் கொடுத்துப் பிரசவ வலியே நினைவில் இல்லாமல் செய்யும் ஜெர்மானிய முறை தங்களுக்கும் வேண்டும் என்று அமெரிக்கப் பெண்களே இயக்கம் நடத்தினார்கள். தயங்கியவர்கள் மருத்துவர்கள். வியட்நாம் போரிலிருந்து திரும்பிய வீரர்களும் அவர்கள் பக்கம் நின்ற மனநல மருத்துவர்களும் போராடியதில்தான், போரின் அதிர்ச்சி 1980இல் அமெரிக்க உளமருத்துவப் பட்டியலில் நோயாக ஏறியது. அந்த வீரர்களுக்குப் பட்டியலில் வந்த பெயர் ஓர் அங்கீகாரம். இவற்றையும் 'ஆக்கம்' என்றால் வரலாறு பொய்யாகிவிடும். 'மருத்துவமயமாதல்' என்று தன்வினையில் போடலாமே?

செ. எழுதியது:

இலக்கணம் பேசியதற்கு நன்றி, அம்மா. அப்படியானால் 'வயப்படல்' வரட்டும். உணர்ச்சிவயப்பட்டான், காதல்வயப்பட்டாள் என்று எல்லாரும் சொல்வதுதான். வயப்படுதல் தன்வினை, வயப்படுத்தல் பிறவினை. மருத்துவவயப்படல், மருத்துவவயப்படுத்தல். இடத்துக்கு ஏற்றபடி எடுத்துக்கொள்ளலாம்.

வே. எழுதியது:

'வயம்' மட்டும் என்ன? வடமொழி 'வசம்' தானே? வடவெழுத்தை நீக்கி வந்தால் வடசொல்லும் செய்யுட்சொல் ஆகும் என்று தொல்காப்பியரே இடம் கொடுத்திருக்கிறார். 'மயம்' என்பதில் வடவெழுத்து எங்கே இருக்கிறது?

செ. எழுதியது:

வயம் என்றால் வலிமை. வயவர், வயமான், வயவேந்தர். வசத்துக்கும் இதற்கும் தொடர்பே இல்லை. தனி மடலில் சான்று அனுப்புகிறேன்.

கு. எழுதியது:

நான் மாணவன். 'மருத்துவவயப்படல்' என்று நாலு முறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். நடுவில் 'வவ' இடறுகிறது. தேர்வில் எழுதும்போது பாதிப் பேர் ஒரு வகரத்தை விழுங்கிவிடுவார்கள். 1847இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மிஷனரி மருத்துவர் சாமுவேல் கிறீன் தமிழிலேயே மருத்துவம் கற்பித்து, நூல்களையும் மொழிபெயர்த்துத் தந்தார். அவர் காலத்து 'அங்காதிபாதம்' இன்று யாருக்குப் புரியும்? உடற்கூறு என்றால் எல்லாருக்கும் புரிகிறது. தனியார்மயம் தெரிந்தவனுக்கு மருத்துவமயமும் தானாகவே புரியும்.

செ. எழுதியது:

அங்காதிபாதம் செத்ததற்குக் காரணமே அது வடசொல் என்பதுதான்! நீங்கள் என் கட்சிக்கல்லவா சான்று தருகிறீர்கள்?

வே. எழுதியது:

அதைவிட, பயிற்றுமொழியே பிறகு ஆங்கிலத்துக்குப் போனதுதான் காரணம். பாடமே நின்ற பிறகு எந்தச் சொல் பிழைக்கும், வடசொல்லானால் என்ன, தனித்தமிழானால் என்ன?

இன்னொன்று. நா., உங்கள் நூலில் 'அலோபதி' என்று எங்கும் போட்டுவிடாதீர்கள். ஓமியோபதியைத் தொடங்கிய ஹானிமன், எதிர்த்தரப்பை இளக்காரமாகச் சொல்ல உண்டாக்கிய சொல் அது. 'மேலை மருத்துவம்' என்பதிலும் எனக்குத் தயக்கம் உண்டு. பாரசீக மருத்துவர் இப்னு சீனாவின் நூலை ஐரோப்பியப் பல்கலைக்கழகங்கள் பல நூற்றாண்டுகள் பாடமாக வைத்திருந்தன. அதில் மேலை எது, கீழை எது?

இ. எழுதியது:

எதிர்ச்சொல்லை மறந்துவிட்டோம். 1973இல் அமெரிக்க உளமருத்துவச் சங்கம் தன்பாலீர்ப்பை நோய்ப் பட்டியலிலிருந்து எடுத்தது. இதை 'மருத்துவ நீக்கம்' என்றால் மருத்துவ வசதியைப் பறித்துவிட்டார்கள் என்று படும். 'நோய்நீக்கம்' என்றால் இன்னும் மோசம், குணமாக்கிவிட்டார்கள் என்று ஆகிவிடும். குணமாக்குகிறோம் என்று சொல்லி அவர்களுக்கு மின்னதிர்ச்சி கொடுத்த வரலாறு இருக்கும்போது அப்படி எழுதவே கூடாது. திருந்தியது பட்டியல். 'மருத்துவ விலக்கம்' எப்படி?

கு. எழுதியது:

'விலக்கம்' என்றால் ஊரைவிட்டுத் தள்ளிவைத்தது போல இருக்கிறதே, அம்மா.

நா. எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. இன்றிரவு கோப்பை அனுப்பியாக வேண்டும். கார்ட்ரைட் போன்ற இடங்களில் 'மருத்துவமயமாக்கல்', போர்வீரர்கள் பகுதியில் 'மருத்துவமயமாதல்' என்று பிரித்துப் போட்டுவிட்டேன். பதிப்பாசிரியர் முணுமுணுத்தார், பிறகு சரி என்றார். எதிர்ச்சொல்லுக்கு ஒன்றும் பொருந்தவில்லை. 'மருத்துவப் பிடியிலிருந்து விடுபடுதல்' என்று நீட்டி எழுதியிருக்கிறேன். அடுத்த அத்தியாயத்தில், சிகிச்சையாலேயே வரும் கேட்டைக் குறிக்க இல்லிச் அடிக்கடி எடுத்தாளும் 'ஐயாட்ரோஜெனிசிஸ்' வருகிறது.

செ. எழுதியது:

'மயம்' நிற்கும் நூலின் நன்றியுரையில் என் பெயர் வேண்டாம். 'மருத்துவவயப்படுத்தல்' என்பதே என் முடிவு, பதிவுக்காகச் சொல்லிவைக்கிறேன். ஐயாட்ரோஜெனிசிசுக்குத் தனி இழை தொடங்குங்கள். 'மருந்து' என்ற சொல்லின் வேரிலிருந்து வர வேண்டும், நேரமாகும்.