கூரைக்குள் நடக்கும் ஆட்டம் ஏன் தள்ளிப்போகிறது? கல்லூரிக் கூடைப்பந்து அரங்குகளில் நாம் கண்டவை

தொடக்கப் பதிவு: சேப்பல் ஹில், வட கரோலினா

நண்பர்களுக்கு வணக்கம். கிரிக்கெட் பார்த்து வளர்ந்த நமக்கு, மழை வந்தால் ஆட்டம் நிற்கும் என்பது பழகிப்போன செய்தி. ஆனால் கூரையும் கதவும் உள்ள அரங்கில், மரத்தரையில் நடக்கும் கூடைப்பந்தும் நிற்கும், தள்ளிப்போகும், சில வேளைகளில் நடக்காமலே போய்விடும் என்பதை நான் அமெரிக்காவுக்கு வந்த பிறகுதான் அறிந்துகொண்டேன்.

2014 பிப்ரவரி 12, புதன்கிழமை இரவு, வட கரோலினா பல்கலைக்கழகத்துக்கும் டியூக் பல்கலைக்கழகத்துக்கும் இடையிலான ஆட்டம் சேப்பல் ஹில்லில் நடப்பதாக இருந்தது. இந்த இரண்டு அணிகளின் பகை எத்தகையது என்பது இங்கே குடியிருப்பவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை; அந்த ஆட்டத்துக்கு டிக்கெட் கிடைப்பதே பெரும்பாடு. நானும் என் கணவரும் முதன்முறையாக அந்த ஆட்டத்தை அரங்கில் அமர்ந்து பார்க்க இருந்தோம். நண்பகலுக்குப் பிறகு பனி கொட்டத் தொடங்கியது. தென் மாநிலங்களில் பனிப்பொழிவு குறைவென்பதால் சாலையைச் சுத்தம் செய்யும் வண்டிகளும் குறைவு. எல்லா அலுவலகங்களும் ஒரே நேரத்தில் ஊழியர்களை வீட்டுக்கு அனுப்பியதால், ராலே நகரச் சாலைகளில் கார்கள் நகர முடியாமல் நின்றன, பலர் வண்டியை அப்படியே விட்டுவிட்டு நடந்தார்கள். என் கணவரும் அவர்களில் ஒருவர். அவர் வீடு வந்து சேர்ந்தபோது கால்சட்டையின் கீழ்ப்பகுதி முழங்கால் வரை உறைந்து, மடிக்க முடியாத அட்டைபோல் விறைத்திருந்தது.

அன்று மாலை ஆட்டம் ஒத்திவைக்கப்பட்டதாக அறிவித்தார்கள். டியூக் அணியை ஏற்றிச்செல்ல வேண்டிய பேருந்தே அவர்கள் வளாகத்துக்கு வந்துசேர முடியவில்லை என்பது காரணம். இரண்டு வளாகங்களுக்கும் இடையே ஏறத்தாழ பத்து மைல்தான். “பத்து மைல் வர முடியாதா?” என்று மாணவர்கள் கொதித்தார்கள். அவர்கள் கோபம் எனக்குப் புரிந்தது. ஆனால் ஒரே ஒரு பேருந்தைப் பற்றி மட்டும் எண்ணினால் போதாது. 21,000 பேருக்கும் மேல் அமரும் அரங்கு அது. அத்தனை பேரும் இரவு ஒன்பது மணி ஆட்டம் முடிந்து நள்ளிரவில் அந்தச் சாலைகளில் இறங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை, உறைந்த கால்சட்டையோடு வந்து நின்றவரைப் பார்த்த எனக்கு விளக்க வேண்டியதில்லை.

ஆட்டம் பிப்ரவரி 20 அன்று நடந்தது. வட கரோலினா 74-66 என்று வென்றது. ஒத்திவைப்பின் சுமை அதோடு முடியவில்லை, இரண்டே நாள் இடைவெளியில் டியூக் அணி சிரக்யூஸ் அணியோடு மோத வேண்டியிருந்தது. தொலைக்காட்சி நேரம், அரங்கு காலியாக இருக்கும் நாள், மாணவர்களின் தேர்வுகள் எனப் பலவும் ஒத்துவந்தால்தான் புதிய தேதி கிடைக்கிறது. நீங்கள் நேரில் கண்ட நிகழ்வுகளையும் இங்கே எழுதுங்கள்.

இரண்டாவது பதிவு: வட மாநிலத்து அரங்கு ஒன்றில் பகுதிநேர ஊழியராக இருந்தவர்

அக்கா, உங்கள் அனுபவத்தில் தடை வெளியே இருந்தது. நான் கண்டது தரைக்கு அடியில் இருந்தது.

முதுகலை படித்த காலத்தில், பனிச்சறுக்கு ஹாக்கியும் கூடைப்பந்தும் மாறி மாறி நடக்கும் ஓர் அரங்கில், தரை மாற்றும் குழுவில் வேலை செய்தேன். பல்கலைக்கழகத்தின் பெயரைத் தவிர்க்கிறேன். ஹாக்கி முடிந்த இரவு, பனித்தளத்தை உருக்கிவிட மாட்டார்கள். அதன்மேல் காப்புப் பலகைகளைப் பரப்பி, அதற்கு மேல் மேப்பிள் மரத்தாலான தளத்துண்டுகளை ஒன்றோடொன்று கொக்கி மாட்டி இணைப்போம். 94 அடி நீளமும் 50 அடி அகலமும் உள்ள ஆடுகளம் விடிவதற்குள் தயாராகிவிடும். காலையில் அந்தப் பளபளப்பைப் பார்ப்பவர்களுக்கு, கீழே பனி உறங்குகிறது என்று தோன்றவே தோன்றாது.

பிப்ரவரி இறுதியில் ஒரு சனிக்கிழமை, அந்தப் பருவத்துக்குச் சற்றும் பொருந்தாத வெப்பமும் மழையும் சேர்ந்து வந்தன. ரசிகர்கள் நனைந்த மேலாடைகளோடு உள்ளே வந்தார்கள்; நுழைவாயில் கதவுகள் மூடப்படாமலே இருந்தன. வீரர்கள் பயிற்சிக்காக ஓடத் தொடங்கியபோது வழக்கமாகக் கேட்கும் காலணியின் ‘கிறீச்’ ஒலி கேட்கவில்லை. எனக்கு முதலில் உறைத்தது அந்த நிசப்தம்தான். அடுத்த நிமிடத்தில், வளையத்தை நோக்கி ஓடிய ஒரு வீரர் கால் வழுக்கி இடுப்பு அடிபட விழுந்தார்.

துண்டை எடுத்துக்கொண்டு நானும் இன்னும் மூன்று பேரும் முழங்காலிட்டுத் துடைத்தோம். துடைத்த இடம் சில நொடிகள் பளிச்சென்று இருந்தது. பிறகு கண்ணாடியில் மூச்சு விட்டதுபோல் மெல்லிய படலம் மீண்டும் எழுந்தது. குளிர்ந்த நீர் ஊற்றிய டம்ளரின் வெளிப்புறம் வியர்ப்பதை நாம் அன்றாடம் பார்க்கிறோம் அல்லவா, அதே செயல்தான் இது. கீழிருக்கும் பனி தரையைக் குளிர வைக்கிறது. ஈரப்பதம் மிகுந்த வெப்பக் காற்று அதைத் தொட்டதும் நீராகப் படிகிறது. ஆயிரக்கணக்கானோரின் மூச்சும் அதோடு சேர்கிறது. துணியால் துடைத்து இதைத் தீர்க்க முடியாது. காற்றை உலர்த்த வேண்டும், அல்லது தரை சூடாக வேண்டும், இரண்டுக்குமே பல மணி நேரம் பிடிக்கும்.

நடுவர்களில் மூத்தவர் நடுவட்டத்தில் குனிந்து உள்ளங்கையை அழுத்தி எடுத்து, விளக்கொளியில் கையைத் திருப்பிப் பார்த்தார். தடம் ஐந்து விரல்களோடு தரையில் பதிந்திருந்தது. இரு பயிற்சியாளர்களையும் ஸ்கோர் மேசைக்கு அழைத்துப் பேசினார். ஐம்பது நிமிடங்கள் காத்திருந்த பிறகு ஒத்திவைப்பு அறிவிக்கப்பட்டது. கூட்டத்தில் எழுந்த கூச்சல் எங்கள் மேல்தான் விழுந்தது, ஏனென்றால் துண்டோடு தரையில் இருந்தவர்கள் நாங்கள்தான். இருந்தாலும், முழங்கால் மூட்டுத் தசைநார் ஒருமுறை கிழிந்தால் ஏறத்தாழ ஓராண்டு வீணாகும் இருபது வயதுப் பிள்ளைகளை அந்தத் தரையில் ஓடவிடாத முடிவு முற்றிலும் சரியானது என்று அன்றே நினைத்தேன்.

இதே ஈரம் 2012 நவம்பர் 9 அன்று ஒரே இரவில் இரண்டு பெரிய ஆட்டங்களை விழுங்கியது. அதற்கு முந்தைய ஆண்டு, சான் டியேகோவில் நின்ற யு.எஸ்.எஸ். கார்ல் வின்சன் விமானந்தாங்கிக் கப்பலின் தளத்தில், அதிபர் ஒபாமா முன்னிலையில் வட கரோலினாவும் மிச்சிகன் ஸ்டேட்டும் ஆடியது பெரும் வெற்றி பெற்றிருந்தது. அதன் தொடர்ச்சியாகத் தென் கரோலினாவில் யார்க்டவுன் கப்பலிலும், புளோரிடாவின் ஜாக்சன்வில்லில் பட்டான் கப்பலிலும் தளம் அமைத்தார்கள். யார்க்டவுனில் பகல் பொழுதில் நடந்த மகளிர் ஆட்டம் முழுமையாக நடந்தது. இரவு இறங்கியதும் தரையில் பனித்துளி படிந்து, ஒஹையோ ஸ்டேட், மார்க்கெட் (Marquette) பல்கலைக்கழக அணிகளின் ஆட்டம் ரத்தானது. பட்டானில் புளோரிடாவும் ஜார்ஜ்டவுனும் முதல் பாதி வரை ஆடி, 27-23 என்ற நிலையில் நிறுத்திக்கொண்டன. அந்த வாரம் மிட்வே கப்பலில் நடக்கவிருந்த சிரக்யூஸ் ஆட்டத்தையோ, மழை வரும் என்ற கணிப்பை நம்பி முன்கூட்டியே இரண்டு நாள் தள்ளி வைத்தார்கள். அது நல்லபடியாக நடந்தது. கூரையின் அருமையை இதைவிடத் தெளிவாகக் காட்டும் வாரம் வேறு இருக்க முடியாது.

மூன்றாவது பதிவு: அட்லாண்டா

தம்பி கூரையின் அருமையைச் சொன்னார். அந்தக் கூரையே ஆடியதை நான் பார்த்திருக்கிறேன்.

2008 மார்ச் 14, வெள்ளிக்கிழமை இரவு. அட்லாண்டாவின் ஜார்ஜியா டோம் அரங்கில் தென்கிழக்கு மாநாட்டுத் தொடரின் ஆட்டம். (மாநாடு என்று இங்கே சொல்வது கல்லூரி அணிகளின் கூட்டமைப்பை.) மிசிசிப்பி ஸ்டேட்டும் அலபாமாவும் மோதின. ஆட்டம் முடியும் தறுவாயில் அலபாமாவின் மைக்கல் ரைலி எறிந்த மூன்று புள்ளிப் பந்து வளையத்தில் விழுந்து, ஸ்கோர் சமமாகி, ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போனது. வீட்டுக்குக் கிளம்ப எழுந்த என் நண்பர் மறுபடியும் அமர்ந்தார்.

கூடுதல் நேரத்தின்போது ஒரு பெரும் இரைச்சல் கேட்டது. மேலே தொங்கிய விளக்குச் சட்டங்கள் ஊஞ்சல்போல் அசைந்தன. கூரைத் துணி அலையாக எழுந்து அடங்கியது. எங்கிருந்தோ தூசியும் சிறு துண்டுகளும் உதிர்ந்தன. வீரர்கள் பந்தை விட்டுவிட்டு உள்வழிக்கு ஓடினார்கள். என்னவென்று எங்களுக்குத் தெரியவில்லை. நகர மையத்தைச் சூறாவளிச் சுழற்காற்று ஒன்று கடந்திருந்தது. சுமார் ஒரு மணி நேரத்துக்குப் பிறகு அதே ஆட்டத்தை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்கள்; மிசிசிப்பி ஸ்டேட் வென்றது. அடுத்து நடக்க வேண்டிய ஜார்ஜியா, கென்டக்கி ஆட்டத்தை அன்று நடத்தவில்லை.

வெளியே வந்தபோதுதான் உடல் நடுங்கியது. தெருவெல்லாம் கண்ணாடிச் சில்லுகள். நாங்கள் நடந்து போயிருக்க வேண்டிய பாதையில் செங்கற்கள் சிதறிக் கிடந்தன. ரைலியின் பந்து விழாமல் போயிருந்தால், ஆயிரக்கணக்கானோர் அந்த நேரத்தில் அந்தத் தெருக்களில் இருந்திருப்போம். இதை நான் மிகைப்படுத்திச் சொல்லவில்லை. அந்த நகரத்தில் பலரும் இன்றும் அந்த எறிதலை உயிர் காத்த எறிதல் என்றே சொல்கிறார்கள்.

மறுநாள் தொடரை ஜார்ஜியா டெக் வளாகத்தில் இருந்த சிறிய அரங்குக்கு மாற்றினார்கள். இடம் போதாததால் டிக்கெட் வாங்கிய பொதுமக்களை அனுமதிக்க முடியவில்லை. வீரர்களின் குடும்பத்தினரும் குறைந்த எண்ணிக்கையிலான ஆட்களும் மட்டுமே உள்ளே இருந்தார்கள். ஜார்ஜியா அணி அந்தச் சனிக்கிழமை ஒரே நாளில் இரண்டு ஆட்டங்கள் ஆட வேண்டியிருந்தது. இரண்டிலும் வென்றது, ஞாயிறன்று ஆர்கன்சாவையும் வீழ்த்திக் கோப்பையைத் தூக்கியது. அந்தப் பருவத்தின் மாநாட்டு ஆட்டங்களில் வெறும் நான்கில் மட்டுமே வென்றிருந்த அணி அது.

நான்காவது பதிவு: ஸ்கோர் மேசையில் பணியாற்றியவர்

எங்கள் சிறிய கல்லூரியில் நான் கண்ட தாமதங்கள் இவ்வளவு பெரியவை அல்ல. ஷாட் கிளாக், அதாவது ஓர் அணி பந்தை எறிய எஞ்சியிருக்கும் நேரத்தைக் காட்டும் கடிகாரம், இறந்துபோகும். அப்போது ஒருவர் கைக்கடிகாரம் வைத்துக்கொண்டு நேரத்தைக் கூவிச் சொல்ல, ஆட்டம் எப்படியோ நகரும். மின்சாரம் போனால், எங்கள் அரங்கில் உயரத்தில் தொங்கிய பழைய வகை விளக்குகள் அணைந்த பிறகு ஆறி மறுபடி முழு ஒளி பெற கால் மணி நேரம்கூட ஆகும். வளையத்தைத் தாங்கும் கண்ணாடிப் பலகை உடைவது அரிது. 1988 ஜனவரியில் பிட்ஸ்பர்க் அணியின் ஜெரோம் லேன், பிராவிடன்சுக்கு எதிரான ஆட்டத்தில் வளையத்தில் பந்தை அழுத்தியபோது பலகை நொறுங்கித் தரையெங்கும் கொட்டியது. கண்ணாடித் துகள்களைக் கூட்டிப் பெருக்கி மாற்றுப் பலகை பொருத்த அரை மணி நேரம் ஆனது.

சொற்களைப் பற்றி ஒன்று சொல்ல விரும்புகிறேன். பாதியில் நின்ற ஆட்டத்தை, அணிகள் வேறு உடன்பாடு செய்யாவிட்டால், நின்ற இடத்திலிருந்தே தொடர வேண்டும் என்பது விதி. தொடங்காத ஆட்டத்தை வேறு நாளுக்கு மாற்றினால் அது ஒத்திவைப்பு. மூன்றாவது ஒன்று உண்டு: ஆட்டம் நடக்கவே இல்லை, தோல்வியும் இல்லை என்று பதிவு செய்வது. 2021 மார்ச் 20 அன்று இண்டியானாவில் நடந்த தேசியத் தொடரில் வி.சி.யு. (வர்ஜீனியா காமன்வெல்த் பல்கலைக்கழகம்) அணியில் கொரோனா தொற்று கண்டறியப்பட்டதால் அதுதான் நடந்தது. ஆரிகன் அணி ஆடாமலே அடுத்த சுற்றுக்குப் போனது. ஓராண்டு உழைத்து வந்த பிள்ளைகள் உடைமாற்றும் அறைக்குக்கூடப் போகாமல் வீடு திரும்பியதை நினைத்தால் எனக்கு இன்றும் மனம் கனக்கிறது.

ஐந்தாவது பதிவு: செவிலியர், இண்டியானா

கொரோனா காலத்தைப் பற்றி நானும் சொல்லலாமா? 2020 மார்ச் 12 அன்று நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் செயின்ட் ஜான்ஸ், கிரைட்டன் அணிகள் முதல் பாதியை ஆடி முடித்து இடைவேளைக்குப் போன நேரத்தில் அவர்களின் மாநாட்டுத் தொடரே கைவிடப்பட்டது. அன்றே தேசியத் தொடரும் ரத்தானது. 1939 முதல் ஒவ்வோர் ஆண்டும் நடந்துவந்த தொடர் அது. அதே ஆண்டு டிசம்பர் 5 அன்று இண்டியானாபொலிசில் கொன்சாகாவும் பெய்லரும் மோத இருந்தன. கொன்சாகா குழுவில் இருவருக்குத் தொற்று உறுதியானதால், தொடங்க ஒன்றரை மணி நேரமே இருக்கையில் நிறுத்தினார்கள். அன்று மருத்துவமனையில் எனக்குப் பணி. காத்திருப்பு அறையில் ஆட்டத்துக்காகத் தொலைக்காட்சியை ஏற்கெனவே போட்டு வைத்திருந்தார்கள். அந்த அணிகள் அதே நகரத்தில் 2021 ஏப்ரல் 5 அன்று இறுதி ஆட்டத்தில்தான் சந்தித்தன. பெய்லர் 86-70 என்று வென்றது.

ஆனால் நான் எழுத வந்தது வேறொன்றைப் பற்றி. 2020 டிசம்பர் 12 அன்று புளோரிடா அணியின் கியான்டே ஜான்சன், புளோரிடா ஸ்டேட்டுக்கு எதிரான ஆட்டத்தின் இடையே தரையில் சரிந்து விழுந்தார். அவரைத் தூக்குப் படுக்கையில் கொண்டுபோனார்கள். அணி வீரர்கள் அழுதுகொண்டிருந்தார்கள். பிறகு ஆட்டம் தொடர்ந்து, முடியும்வரை நடந்தது. அதை நிறுத்தியிருக்க வேண்டும் என்பதே ஒரு செவிலியராக என் கருத்து. ஒரு நண்பன் பிழைப்பானா என்று தெரியாத நிலையில் இருக்கும் பிள்ளைகளின் கையில் பந்தைக் கொடுக்கக் கூடாது. 1990 மார்ச் 4 அன்று லொயோலா மேரிமவுண்ட் அணியின் ஹாங்க் கேதர்ஸ் ஆடுகளத்தில் விழுந்து இறந்தபோது, அந்த ஆட்டத்தை மட்டுமல்ல, அந்த மாநாட்டுத் தொடரையே அத்தோடு நிறுத்தினார்கள்.

புளோரிடா தன் அடுத்த சில ஆட்டங்களை ஒத்திவைத்தது. ஜான்சன் பிழைத்தார். இரண்டு ஆண்டுகள் கழித்து, கேன்சஸ் ஸ்டேட் அணியின் உடையில் அவர் மீண்டும் ஆடியதை நான் இரவுப் பணி முடித்து வந்து, சீருடையைக்கூட மாற்றாமல் அமர்ந்து, பதிவில் முழுமையாகப் பார்த்தேன்.

தொடக்கப் பதிவர்

அந்த ஆட்டத்தின் இணைப்பு உங்களிடம் இருந்தால் இங்கே போடுங்கள் சகோதரி. என் கணவரும் பார்க்க வேண்டும் என்கிறார்.