மாய உலகத்து வரைபடக்காரர்: தனியாளாக ஒரு கண்டத்தை அளக்க முடியுமா?

காகிதக்கப்பல்:
எழுதும் தொடர்கதையில் ஒரு வரைபடக்காரர் வருகிறார். அவர் இறந்து முந்நூறு வருஷமாகியும் ஊரே அவர் படத்தைத்தான் நம்புகிறது. கண்டம் வடக்கு தெற்காக 2,500 கி.மீ. தொலைநோக்கி கிடையாது, மந்திரம் உண்டு, பறக்கும் கம்பளம் உண்டு. 20 வயதில் கிளம்பி 60 வயதுக்குள் தனியாகவே வரைந்து முடித்தார் என்றால் எடுபடுமா? எப்படி அளப்பார், எங்கே தப்பும்?

எல்லைக்கல்:
தனியாள் என்பதை எடுத்துவிடுங்கள். ஏறக்குறைய இதே தூரத்துக்கு நிஜக் கணக்கு இருக்கிறது. 1802 ஏப்ரலில் கிழக்கிந்தியக் கும்பினியின் நில அளவையாளர் லாம்ப்டன் சென்னைப் பரங்கிமலையில் அடிக்கோடு (மற்ற எல்லாத் தூரத்துக்கும் ஆதாரமான முதல் கோடு) அளக்கத் தொடங்கினார். ஏழரை மைல் கோடு, 100 அடி எஃகுச் சங்கிலி. சுமார் 400 தடவை சங்கிலியை நீட்டி 57 நாளில் முடித்தார்கள். அங்கிருந்து வளர்ந்த அளவை இமயமலை அடிவாரம் போய்ச் சேர நாற்பது வருஷத்துக்குப் பக்கம் ஆனது. லாம்ப்டன் 1823லேயே ஹிங்கன்காட்டில் இறந்துவிட்டார். மிச்சத்தை முடித்தது அவருக்குப் பின் வந்த ஜார்ஜ் எவரெஸ்ட். ஆள்படை, கும்பினியின் காசு எல்லாம் இருந்தும் இந்தக் கதி.

முறை எளிது. ஒரே ஒரு கோட்டை உயிரைக் கொடுத்து அளக்க வேண்டும். அதன் இரண்டு முனையிலிருந்தும் தூரத்துக் குன்று ஒன்றைப் பார்த்துக் கோணம் எடுத்தால் அந்த முக்கோணத்தின் மற்ற இரண்டு பக்கமும் கணக்கில் வந்துவிடும். அந்தப் பக்கமே அடுத்த முக்கோணத்துக்கு அடிக்கோடு. பிறகு சங்கிலி வேண்டாம், கோணம் போதும். வெறுங்கண்ணால் பார்க்கும் கருவியில் ஒரு கலை (பாகையில் அறுபதில் ஒரு பங்கு) தப்பினால் 30 கி.மீ. தள்ளி 9 மீட்டர் விலகும். புனைகதைக்கு இது தாராளம்.

தப்புவது அடிக்கோட்டில்தான். வெயில் 10 டிகிரி ஏறினால் 100 அடி எஃகு மூன்றரை மில்லிமீட்டர் நீளும். ஏழரை மைலில் அது ஒன்றரை மீட்டர் அளவுக்குச் சேர்ந்துவிடும். அதனால்தான் சங்கிலியை மரத்தொட்டியில் கிடத்தி, கூடாரம் போட்டு, பக்கத்திலேயே வெப்பமானியும் வைத்தார்கள். கருவியும் காலை வாரும். 1808ல் தஞ்சைப் பெரிய கோயில் மேல் அரை டன் கோணமானியை ஏற்றும்போது கயிறு அறுந்து சுவரில் மோதி வட்டு நெளிந்தது. அதை நிமிர்த்த ஆறு வாரம் பிடித்தது. உங்கள் ஆள் வாழ்க்கையிலும் இப்படி ஒரு ஆறு வாரம் வேண்டும்.

நெடுவழி:
கோணமானியைத் தூக்கிக்கொண்டு பகை நாட்டுக்குள் போக முடியாது. அங்கே கால்தான் அளவுகோல். 1865-66ல் ஆங்கிலேயர் ரகசியமாக அனுப்பிய அளவையாளர் நைன் சிங் திபெத்துக்குள் நடந்தது அப்படித்தான். காலடி ஒரே அளவாக விழும்படி பழக்கிக்கொண்டு, 108 மணி இருக்க வேண்டிய ஜெபமாலையில் 100 மணி மட்டும் வைத்திருந்தார். நூறு காலடிக்கு ஒரு மணி தள்ளினால் மாலை ஒரு சுற்று வரும்போது பத்தாயிரம் காலடி, கிட்டத்தட்ட 8 கி.மீ. குறிப்புகள் ஜெபச்சக்கரத்துக்குள். உயரத்துக்குத் தண்ணீரைக் கொதிக்கவைத்துப் பார்த்தார்: 300 மீட்டர் ஏறினால் கொதிநிலை ஏறக்குறைய 1 டிகிரி குறையும்.

மேட்டில் அடி குறுகும், பள்ளத்தில் நீளும். ஆகவே கிளம்பின இடத்துக்கே வேறு வழியாகத் திரும்பி வர வைக்க வேண்டும். 400 கி.மீ. சுற்றி வந்தவர் படத்தில் 6 கி.மீ. தள்ளி நின்றால் அந்தத் தப்பை வழி நெடுகப் பங்கு போடுவார்கள். 100வது கி.மீ. புள்ளியை ஒன்றரை, 200வதை மூன்று கி.மீ. நகர்த்த வேண்டும். சுற்றை மூடாத பாதையில் தப்பு எவ்வளவு என்பதே தெரியாது. புதையல் காணாமல் போவது அங்கேதான் என்று வைத்தால் வாசகரும் ஒத்துக்கொள்வார்.

மைக்கூடு:
அலையத்தான் வேண்டுமா? அரபுப் புவியியலாளர் அல் இத்ரிஸி சிசிலியில் மன்னர் ரோஜரிடம் இருந்தபடியே, சுமார் பதினைந்து வருஷம் வருகிற போகிற பயணிகளை விசாரித்து, ஒத்துப்போன தகவலை மட்டும் வைத்து 1154ல் 70 தாள் படத்தை முடித்தார். தெற்கு மேலே இருக்கும் படம் அது. துறைமுகத்தில் உட்கார்ந்திருக்கிற கிழவரும் மாமேதை ஆகலாம்.

எல்லைக்கல்:
ஆகலாம். ஆனால் பயணி சொல்வது நாள் கணக்கு. சமவெளியில் ஒரு நாள் 30 கி.மீ., மலையில் அதில் பாதிகூட வராது. அதை அப்படியே வரைந்தால் மலைநாடெல்லாம் வீங்கிப்போகும்.

கம்பளமும் பெரிதாக உதவாது. 1,000 மீட்டர் உயரத்தில் 113 கி.மீ. வரை கண்ணுக்குத் தெரியும், ஆனால் தூரத்தில் இருப்பதெல்லாம் நெருக்கி நசுங்கித் தெரியும். தூரம் தெரிந்த இரண்டு புள்ளி தரையில் இல்லாவிட்டால் அது வெறும் வேடிக்கை. பறந்த நேரத்தை வைத்துத் தூரம் சொல்லவும் முடியாது, காற்று தள்ளும். இடம் மாறுகிற மந்திரக்காடு இருந்தால் மூன்று நிலையான குன்றிலிருந்து கோணம் எடுத்து, தேதி போட்டு வரையச் சொல்லுங்கள்.

காகிதக்கப்பல்:
அப்படியானால் சீடர்கள் கூட்டம் ஒன்றைச் சேர்த்துவிடுகிறேன். இன்னொன்று: மூலப்படம் எது, பிரதி எது என்று கதாநாயகி எப்படிக் கண்டுபிடிப்பாள்?

மைக்கூடு:
தோலில் வரைந்ததா, காகிதமா என்பதைப் பொறுத்தது. தோல் ஈரத்துக்கு விரியும், காய்ந்தால் சுருங்கும், அதுவும் இரண்டு திசையிலும் ஒரே அளவாக இல்லை. விவரம் தெரிந்தவர் அளவுகோட்டை (படத்தில் எவ்வளவு நீளம் எத்தனை தூரம் என்று காட்டும் கோடு) நெடுக்கில் ஒன்று, குறுக்கில் ஒன்று என்று அதே தோலில் போட்டிருப்பார். பிரதி எடுப்பவர் ஒன்றை வேண்டாதது என்று விட்டுவிடுவார். பிரதிக்காகக் கரையோரம் நெடுக ஊசியால் குத்தி, கரித்தூள் பொட்டலத்தால் தட்டுவார்கள். ஓட்டை இருப்பது மூலத்தில், கரிப்புள்ளி பிரதியில்.

மைக்குக் கடுக்காய் மூன்று பங்கு, அன்னபேதி (இரும்பு உப்பு) ஒரு பங்கு, கொஞ்சம் கருவேலம் பிசின். பிசின் குறைந்தால் கோடு பரவும். எழுதும்போது வெளிறித்தான் இருக்கும், காற்றுப் பட்டபின் கறுக்கும். நேற்று ராத்திரி சேர்த்த கோடு காட்டிக்கொடுப்பது இதனால்தான். அன்னபேதி அதிகமானால் வருஷக்கணக்கில் காகிதத்தையே அரித்துவிடும். மூலம் காகிதமென்றால், திரும்பத் திரும்ப மை பூசின ஆற்றுக்கோடுகள் முந்நூறு வருஷத்தில் பொத்தலாகியிருக்கும். அந்தப் பொத்தலைப் பிரதிக்காரர் ஏரி என்று நினைத்து நீலம் அடித்திருக்கலாம். அப்படி ஒரு ஏரியைத் தேடி உங்கள் கதாநாயகி போகட்டும்.