டூப் போடுபவர் நடிக்கவும் தொடங்கினால் எதை இழப்பார்?

கேள்வி:
சில ஆண்டுகளாகப் படங்களில் ஃபைட்டராகவும், உயரமும் உடல்வாகும் ஒத்துவரும் நடிகர்களுக்கு டூப்பாகவும் பணியாற்றி வருகிறேன். இப்போது வில்லனின் அடியாளாக, சில காட்சிகளில் வசனம் பேசும் வேடம் ஒன்று வந்திருக்கிறது. முகம் பழகிவிட்டால் டூப் வேலை குறைந்துவிடும் என்று மூத்தவர்கள் எச்சரிக்கிறார்கள். உடல் இன்னும் எவ்வளவு காலம் தாங்கும் என்ற கவலையும் எனக்கு இருக்கிறது. இரண்டையும் சேர்த்துச் செய்து நிலைத்தவர்கள் உண்டா? ஒப்புக்கொள்ளும் முன் எதையெல்லாம் யோசிக்க வேண்டும்?

பதில் 1:
அந்த எச்சரிக்கையில் பாதிதான் உண்மை. டூப்பின் முகம் திரையில் தெரியவே கூடாது என்பதால், உங்கள் முகம் எவ்வளவு பிரபலமானாலும் டூப் வேலைக்கு அதனால் பெரிய கேடில்லை. குறையக்கூடியது, நாயகனிடம் அடிவாங்கும் கூட்டத்தில் ஒருவராக நிற்கும் வேலைதான்; அடையாளம் தெரிந்த முகம் அங்கே பார்வையாளரின் கண்ணைத் தன் பக்கம் இழுத்துவிடும். உண்மையான சிக்கல் உடலின் பழக்கத்தில் இருக்கிறது. விழும்போதும் உருளும்போதும் கேமராவுக்கு முகத்தை மறைக்கப் பழகிய ஒருவர், நடிக்கும்போது அதே கேமராவுக்கு முகத்தைக் கொடுக்க வேண்டும். அடி பட்டதாக நம்பவைக்க உடல் முழுவதையும் பெரிதாக அசைத்துப் பழகியவருக்கு, குளோசப்பில் கண்ணை மட்டும் அசைப்பது எளிதில் வராது. நடிப்புப் பயிற்சிக்குப் போவதாக இருந்தால் முதலில் இதைத்தான் கேட்டுக் கற்றுக்கொள்ள வேண்டும்.

பதில் 2:
நிலைத்தவர்கள் உண்டு. ரிச்சர்ட் ஃபார்ன்ஸ்வொர்த் 1930களின் இறுதியில் ஹாலிவுட்டில் குதிரையோட்டும் ஸ்டன்ட் கலைஞராகத் தொடங்கிப் பல பத்தாண்டுகள் பெயர் தெரியாமலே உழைத்தவர். பிறகு வசன வேடங்களுக்கு வந்து, 1978இல் வெளியான ‘கம்ஸ் எ ஹார்ஸ்மேன்’ படத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையும், 1999இல் வெளியான ‘தி ஸ்ட்ரெயிட் ஸ்டோரி’ படத்துக்காக 79 வயதில் சிறந்த நடிகருக்கான பரிந்துரையும் பெற்றார். நியூசிலாந்தின் ஸோயி பெல்லின் பாதை வேறு. ‘கில் பில்’ படங்களில் உமா தர்மனுக்கு டூப் போட்ட அவரை, அதே இயக்குநரான டரான்டினோ 2007இல் ‘டெத் ப்ரூஃப்’ படத்தில் அவராகவே நடிக்க வைத்தார். ஓடும் காரின் முன்மூடியில் அவர் கிடக்கும் காட்சிகளில் முகத்தை மறைக்கவோ, டூப் வரும் இடத்தில் வெட்டவோ தேவை இருக்கவில்லை. உங்களிடம் இயக்குநர் எதிர்பார்ப்பதும் அநேகமாக அதுதான்.

பதில் 3:
மேலே சொன்ன இருவரும் விதிவிலக்குகள் என்பதை நினைவில் வையுங்கள். பெரும்பாலானோர் அடியாள் வேடத்திலேயே நின்றுவிடுகிறார்கள். உடல் தளர்ந்த பிறகு நடிப்பு மட்டும்தான் வழி என்பதும் இல்லை. ‘தி மேட்ரிக்ஸ்’ படத்தில் கியானு ரீவ்ஸுக்கு டூப் போட்ட சாட் ஸ்டஹெல்ஸ்கி, சண்டை அமைப்பு வழியாக வளர்ந்து ‘ஜான் விக்’ படங்களின் இயக்குநரானார். 2027இல் வெளியாகும் படங்களிலிருந்து ஸ்டன்ட் வடிவமைப்புக்குத் தனி ஆஸ்கர் விருது வழங்கப்படும் என்ற அறிவிப்பும் வந்துவிட்டது. மிகவும் தாமதமான அறிவிப்பு என்பது என் எண்ணம். வேடத்தை ஏற்றுக்கொள்ளுங்கள், ஆனால் ஒப்பந்தத்தை நிதானமாகப் படியுங்கள். நடிகர் என்ற பெயரில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, விழுவதையும் உருளுவதையும் அதே சம்பளத்தில் செய்யச் சொல்வது பல இடங்களில் நடக்கிறது. ஸ்டன்ட் ஊதியமும் காப்பீடும் தனியாக எழுதப்பட வேண்டும்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. கதையில் என் பாத்திரம் மாடிப்படியில் உருண்டு விழும் காட்சி ஒன்று இருக்கிறது. அதற்கான ஊதியத்தைப் பற்றி ஒப்பந்தத்தில் ஒரு வரிகூட இல்லை. நாளையே கேட்டுவிடுகிறேன்.

பதில் 3:
கேட்கும்போது, அந்தக் காட்சியை உங்கள் வசனக் காட்சிகள் எல்லாம் முடிந்த பிறகு எடுக்கும்படியும் சொல்லுங்கள். முன்பே எடுத்து உங்களுக்கு அடிபட்டால், மீதிக் காட்சிகளுக்கு அவர்கள் வேறு ஆளைத் தேட வேண்டியிருக்கும் என்பதால், இந்தக் கோரிக்கையைத் தயாரிப்புத் தரப்பு பெரும்பாலும் மறுக்காது.